ஆபரேஷனுக்கு முன் தண்ணீர்கூடக் கூடாதா?

கேள்வி: என் தாயாருக்கு (62) நாளை பிற்பகல் 2 மணிக்குப் பித்தப்பை அறுவை சிகிச்சை. நள்ளிரவிலிருந்து பச்சைத் தண்ணீரும் கூடாது என்கிறார் நர்ஸ். ஒரு வாய் டீ கொடுத்தால் ஒன்றும் ஆகாது என்கிறார் பக்கத்துப் படுக்கைக்காரர். யார் பேச்சைக் கேட்பது?

பதில் (மயக்கவியல் நிபுணர்): இருவர் பேச்சும் பாதிதான் சரி. மயக்கத்தில் இருமல் அடங்கிவிடுவதால், இரைப்பையில் இருப்பது மேலேறி நுரையீரலுக்குள் இறங்கக்கூடும் என்பதே எங்கள் பயம்.

இந்தப் பயம் விக்டோரியா காலத்தது. 1848 ஜனவரியில் நியூகாசில் அருகே, கால் நகம் எடுப்பதற்காகக் குளோரோஃபார்ம் கொடுக்கப்பட்ட 15 வயது ஹன்னா கிரீனர் சில நிமிடங்களில் இறந்துபோனாள். மருந்தின் அளவு மீறியதே காரணம் என்றார் ஜான் ஸ்னோ. 1853இல் விக்டோரியா மகாராணியின் பிரசவத்துக்குக் குளோரோஃபார்ம் கொடுத்தவர் இவர்தான். குளோரோஃபார்மை மயக்க மருந்தாகப் புகுத்திய மருத்துவர் ஜேம்ஸ் சிம்ப்சனோ, ஹன்னாவைத் தெளிவிக்க வாயில் ஊற்றிய தண்ணீரும் பிராந்தியுமே மூச்சை அடைத்தன என்று வாதாடினார். 1883இல் பிரிட்டிஷ் அறுவை மருத்துவர் ஜோசப் லிஸ்டர், இரைப்பையில் திடப்பொருள் இருக்கக் கூடாது, ஆனால் இரண்டு மணி நேரத்துக்கு முன் ஒரு கோப்பை தேநீர் கொடுப்பது நல்லது என்று எழுதினார். இன்றைய பொது விதியும் ஏறக்குறைய அதுவே: லேசான உணவுக்கு 6 மணி நேரம், தெளிந்த நீருக்கு 2 மணி நேரம். நள்ளிரவுக் கட்டளை தொடர்வதற்குக் காரணம், யார் எப்போது தியேட்டருக்குள் போவார் என்று மருத்துவமனைக்கே தெரியாததுதான். அந்தக் குழப்பத்துக்கு நோயாளி பட்டினி கிடக்கிறார்.

லிஸ்டரின் தேநீரைச் சொன்னேன் என்று கேன்டீன் டீயை வாங்கிவிடாதீர்கள். பால் இரைப்பையில் திரிந்து கட்டியாகிவிடும், ஆகவே பால் சேர்த்த டீ, காபி, ஹார்லிக்ஸ் எல்லாம் எங்கள் கணக்கில் உணவுதான். துளிப் பால் சேர்த்தாலும் 6 மணி நேரம் என்றே எண்ணுங்கள். மோரும் கஞ்சித் தண்ணீரும் தெளிந்த நீர் ஆகா. பால் சேர்க்காத டீ ஆகும்.

இன்னொன்று, லிஸ்ட்டில் முன்னால் போட்டுத் தருகிறேன் என்று வார்டில் பணம் கேட்பவரிடம் சிக்காதீர்கள். வரிசையை முடிவு செய்வது மருத்துவர்கள். இன்றே உங்கள் மயக்க மருந்து மருத்துவரைப் பார்த்து, காலை 11 மணி வரை தண்ணீர் தரலாமா, சர்க்கரை மாத்திரை இருந்தால் அதை என்ன செய்வது என்று கேட்டு எழுதி வாங்குங்கள். தவறிப்போய் அம்மா எதையாவது குடித்துவிட்டால் திட்டுக்குப் பயந்து மறைக்காதீர்கள். சில மணி நேரம் தள்ளிப்போடுவோம், அவ்வளவுதான்.