கிரீம் இசைக்குழு: நீங்கள் கேட்டதும் நான் சொல்வதும்

1966 நடுவில் லண்டனில் தொடங்கி 1968 நவம்பரில் கலைந்துபோன மூன்று பேர் குழு கிரீம். அமெரிக்கக் கறுப்பின மக்களின் புளூஸ் இசையை எடுத்து, சத்தத்தைக் கூட்டி, சைகடெலிக் (மயக்கக் கனவு போன்ற ஒலி) சாயம் பூசி, மேடையில் ஒரே பாட்டைக் கால்மணி நேரத்துக்கு இழுத்தவர்கள். வந்த கேள்விகளில் ஒரே மாதிரி இருந்தவற்றைச் சேர்த்துவிட்டேன்.

கேள்வி: கிரீம் என்றால் எரிக் கிளாப்டனின் குழுதானே அண்ணா? மற்ற இருவர் பெயரே யாருக்கும் தெரியவில்லையே.

இதைக் கேட்டாலே எனக்குச் சுள்ளென்று வரும், உங்கள் மேல் இல்லை, இப்படிச் சொல்லிச் சொல்லிப் பழக்கியவர்கள் மேல். குழுவைத் தொடங்கியவர் டிரம்மர் ஜிஞ்சர் பேக்கர். கிரஹாம் பாண்ட் குழுவில் வாசித்துச் சலித்துப்போய், அப்போது ஜான் மேயாலின் புளூஸ்பிரேக்கர்ஸ் குழுவில் கிட்டார் வாசித்துக்கொண்டிருந்த கிளாப்டனிடம் போய்க் கேட்டார். கிளாப்டன் சரி என்றார், ஆனால் பேஸ் கிட்டாருக்கு ஜாக் புரூஸ் வர வேண்டும் என்று ஒரு நிபந்தனை போட்டார். வினை அங்கேதான் ஆரம்பம். புரூஸும் பேக்கரும் பாண்ட் குழுவில் ஒன்றாக இருந்தபோது மேடையிலேயே கைகலந்தவர்கள், புரூஸை அங்கிருந்து துரத்தியதே பேக்கர்தான். இப்போது அதே பேக்கர் வாயைத் திறந்து புரூஸைக் கூப்பிட வேண்டிய நிலை. பெரும்பாலான பாடல்களைப் பாடியதும் புரூஸ்தான். ஸ்காட்லாந்தில் முறையாகச் செல்லோ படித்தவர். 'வீல்ஸ் ஆஃப் ஃபயர்' ஆல்பத்தில் 'ஆஸ் யூ செட்' என்ற பாட்டைக் கேளுங்கள், அதில் கிளாப்டன் இல்லவே இல்லை.

கேள்வி: இவர்கள் புளூஸ் குழுவா, சைகடெலிக் குழுவா?

மேடையில் ஒன்று, ஸ்டுடியோவில் இன்னொன்று. இதைப் பிடித்துக்கொண்டால் கிரீம் பற்றிப் பாதி குழப்பம் தீர்ந்துவிடும். 1966 டிசம்பரில் வந்த முதல் ஆல்பம் 'ஃபிரெஷ் கிரீம்' பெரும்பாலும் புளூஸ்தான், வில்லி டிக்சன், ஸ்கிப் ஜேம்ஸ் போன்ற அமெரிக்கப் புளூஸ் கலைஞர்களின் பாடல்களெல்லாம் அதில் உண்டு. அடுத்த வருடம் மே மாதம் நியூயார்க்கில் அட்லாண்டிக் ஸ்டுடியோவுக்குப் போனார்கள், தயாரிப்பாளர் ஃபீலிக்ஸ் பப்பலார்டி, ஒலிப்பதிவுப் பொறியாளர் டாம் டவுட். விசா முடிகிற அவசரம், சில நாட்களுக்குள் முழு ஆல்பத்தையும் முடித்துக்கொண்டு கிளம்பினார்கள். அதுதான் 'டிஸ்ரேலி கியர்ஸ்'. நிறம் வழியும் அந்த அட்டையை வரைந்தவர் ஆஸ்திரேலிய ஓவியர் மார்ட்டின் ஷார்ப், 'டேல்ஸ் ஆஃப் பிரேவ் யுலிசஸ்' பாட்டின் வரிகளும் அவருடையவை. அந்தப் பாட்டில் கிளாப்டனின் வா-வா பெடல் (காலால் மிதித்துக் கிட்டார் ஒலியை மாற்றும் கருவி) அழுவதைக் கேட்டால் சைகடெலிக் என்பதற்கு வேறு விளக்கம் வேண்டாம். ஆனால் இதே ஆட்கள் மேடையேறினால் ஸ்டுடியோ வேலைப்பாடு ஒன்றும் இருக்காது, மூன்று கருவி, மார்ஷல் ஆம்ப்ளிஃபயர் சுவர், அவ்வளவுதான்.

கேள்வி: 'ஸ்ட்ரேஞ்ச் புரூ' பாட்டில் பேஸ் கொஞ்சம் ஒட்டாமல் இருப்பது எனக்கு மட்டும்தான் கேட்கிறதா?

நல்ல காது உங்களுக்கு! அது முதலில் 'லாடி மாமா' என்ற பழைய புளூஸாகப் பதிவானது. பப்பலார்டி அந்த டேப்பை வீட்டுக்கு எடுத்துப்போய், மனைவி கெயில் காலின்ஸுடன் சேர்ந்து அதன் மேல் புது மெட்டும் வரியும் போட்டுவிட்டார். புரூஸ் வாசித்த பேஸ் பழைய பாட்டுக்கானது, அது அப்படியே கீழே ஓடிக்கொண்டிருக்கிறது. புரூஸுக்கு அதில் வருத்தம்.

கேள்வி: ஹெண்ட்ரிக்ஸுக்கும் இவர்களுக்கும் போட்டி இருந்ததாமே?

போட்டி என்று சொல்ல மாட்டேன். 1966 அக்டோபர் 1, லண்டன் ரீஜெண்ட் ஸ்ட்ரீட் பாலிடெக்னிக்கில் கிரீம் நிகழ்ச்சி. இங்கிலாந்து வந்து ஒரு வாரம் ஆகியிருந்த அமெரிக்கக் கிட்டார் கலைஞர் ஜிமி ஹெண்ட்ரிக்ஸ் மேடையேறி, புளூஸ் பாடகர் ஹவுலின் வுல்ஃபின் 'கில்லிங் ஃப்ளோர்' வாசித்தார், கிளாப்டன் ஆடிப்போனார். அடுத்த ஜனவரியில் சாவில் தியேட்டரில் ஹெண்ட்ரிக்ஸ் வாசித்ததைப் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போன புரூஸ் போட்ட ரிஃப்தான் (திரும்பத் திரும்ப வரும் சிறு மெட்டு) 'சன்ஷைன் ஆஃப் யுவர் லவ்'. பின்னால் அதே பாட்டை ஹெண்ட்ரிக்ஸ் தன் மேடைகளில் வாசித்தார், தன்னைப் பார்த்துப் பிறந்த ரிஃப் என்று தெரியாமலே என்பது புரூஸ் சொன்னது.

கேள்வி: கறுப்பின புளூஸ் கலைஞர்களின் பாட்டை எடுத்து வெள்ளைக்காரப் பையன்கள் காசு பார்த்தார்கள் என்பது சரியா? நேரடியாகப் பதில் சொல்லுங்கள்.

நேரடியாகவே சொல்கிறேன், பொதுவாக அந்தக் காலத்துப் பிரிட்டிஷ் ராக் மேல் அந்தக் குற்றச்சாட்டு நியாயமானது. பல பேர் பெயரைக்கூடப் போடவில்லை. கிரீம் விஷயத்தில் கொஞ்சம் தேவலை. ஸ்கிப் ஜேம்ஸ் 1931ல் பாடிய 'ஐ'ம் சோ க்ளாட்' பாட்டை அவர் பெயர் போட்டே வெளியிட்டார்கள், புற்றுநோயோடு போராடிக்கொண்டிருந்த கடைசிக் காலத்தில் அவருக்கு அதன் ராயல்டி போய்ச் சேர்ந்தது. புளூஸ் பாடகர் ராபர்ட் ஜான்சன் 1936ல் டெக்சாஸில் பதிவு செய்த பாட்டு கிரீம் கையில் 'கிராஸ்ரோட்ஸ்' ஆனது, அவர் 1938லேயே இறந்துவிட்டார், அவருக்கு என்ன போயிருக்க முடியும். தேவலை என்றேனே தவிர, கணக்கு நேரானது என்று சொல்லவில்லை.

கேள்வி: 'வீல்ஸ் ஆஃப் ஃபயர்' இரண்டாவது தட்டு ஃபில்மோரில் எடுத்ததுதானே?

அட்டையில் அப்படித்தான் போட்டிருக்கிறது. அதில் இருப்பது நாலே பாட்டு, 'டோட்' மட்டும்தான் சான் ஃபிரான்சிஸ்கோ ஃபில்மோர் அரங்கு, மற்ற மூன்றும் அதே ஊர் விண்டர்லாண்ட் அரங்கில் 1968 மார்ச்சில் எடுத்தவை. 'டோட்' பதினாறு நிமிடம், பெரும்பகுதி பேக்கரின் டிரம்ஸ் தனிதான். எனக்கே பாதிக்கு மேல் பொறுமை போய்விடும், ரசிகர்கள் கல்லெறிய வேண்டாம். 'கிராஸ்ரோட்ஸ்' நாலேகால் நிமிடம்தான், அதற்காகவே அந்த ஆல்பத்தை வாங்கலாம்.

கேள்வி: உச்சியில் இருக்கும்போது ஏன் கலைத்தார்கள்? போதைப்பொருளா?

அதுவும் இருந்தது, பேக்கர் ஹெராயினுக்கு அடிமை. ஆனால் முக்கியக் காரணம் அது இல்லை. மானேஜர் ராபர்ட் ஸ்டிக்வுட் ஓய்வே கொடுக்காமல் அமெரிக்காவில் மாதக்கணக்காகச் சுற்றவிட்டார். மேடையில் ஒருவர் சத்தம் கூட்டினால் அடுத்தவரும் கூட்டுவது, கடைசியில் ஒருவர் வாசிப்பது மற்றவருக்குக் கேட்காது. ஒருமுறை தான் வாசிப்பதையே நிறுத்திவிட்டதாகவும் மற்ற இருவரும் அதைக் கவனிக்கவே இல்லை என்றும் கிளாப்டன் பிற்பாடு சொல்லியிருக்கிறார். அப்புறம் காசு. பாடல் எழுத வந்த கவிஞர் பீட் பிரவுன் முதலில் பேக்கருடன்தான் உட்கார்ந்தார், போகப்போகப் புரூஸுடன் சேர்ந்துவிட்டார், ராயல்டியும் அந்தப் பக்கமே போனது. பேக்கர் சாகும்வரை இதைச் சொல்லிப் புலம்பினார். அதே 1968ல் ரோலிங் ஸ்டோன் பத்திரிகையில் ஜான் லாண்டாவ் எழுதிய விமர்சனம் கிளாப்டனை நொறுக்கியது. 'தி பேண்ட்' குழுவின் முதல் ஆல்பத்தையும் கிளாப்டன் அப்போதுதான் கேட்டார், அதில் யாரும் யாரையும் முந்தவில்லை. அதன் பிறகு இந்த இரைச்சலில் அவருக்கு மனசு ஒட்டவில்லை.

நவம்பர் 26, ராயல் ஆல்பர்ட் ஹாலில் ஒரே நாளில் இரண்டு காட்சி, முடிந்தது.

கேள்வி: நம் பக்கத்து இசையோடு ஏதாவது தொடர்பு உண்டா சார்?

வலிந்து இழுக்க வேண்டாம் என்றுதான் பார்க்கிறேன், ஆனால் ஒன்று இருக்கிறது. புரூஸும் பேக்கரும் கிரஹாம் பாண்டுடன் இருந்த காலத்தில் அங்கே கிட்டார் வாசித்தவர் ஜான் மெக்லாஃப்லின். பிற்பாடு 'சக்தி' குழுவில் விக்கு விநாயக்ராமின் கடத்தோடு வாசித்த அதே மெக்லாஃப்லின்தான்.

கேள்வி: 2005ல் மறுபடி சேர்ந்தார்களே, தேறுமா?

லண்டன் நிகழ்ச்சிகள் தேறும். மே மாதம் அதே ஆல்பர்ட் ஹாலில் நாலு இரவு, அளவான சத்தம், ஒருவர் சொல்வதை ஒருவர் கேட்கிறார்கள். புரூஸ் கல்லீரல் மாற்று அறுவை சிகிச்சை செய்துகொண்டு இரண்டு வருடம்கூட ஆகவில்லை. அக்டோபரில் நியூயார்க் போனதும் பழைய சண்டை திரும்பிவிட்டது, அத்தோடு சரி. புரூஸ் 2014ல் போனார், பேக்கர் 2019ல்.

கேள்வி: புதிதாகக் கேட்பவன், எங்கிருந்து தொடங்குவது?

'டிஸ்ரேலி கியர்ஸ்' முழுதாக ஒரு தடவை, முப்பத்துச் சொச்ச நிமிடம்தான். உடனே விண்டர்லாண்ட் 'கிராஸ்ரோட்ஸ்'. அதை இரண்டாவது முறை கேட்கும்போது கிட்டாரை விட்டுவிட்டுப் பேஸை மட்டும் பிடித்துக்கொண்டு போங்கள்.