உமாவாகா பள்ளத்தாக்கை ஒரே நாளில் பார்த்துவிட முடியுமா?

கேள்வி: ஜூலை 29 முதல் மூன்று இரவுகள் அர்ஜென்டினாவின் சால்டா நகரில் தங்குகிறோம். ஆகஸ்ட் 1 மாலை புவனஸ் ஐரிஸுக்கு விமானம். சால்டாவிலிருந்து காலை ஆறு மணிக்குக் கிளம்பி, புர்மமார்க்கா, தில்காரா, உமாவாகா ஊர்களையும் ஓர்னோகால் வண்ண மலையையும் ஒரே நாளில் காட்டுவதாக ஒரு வழிகாட்டிப் பயணம் இருக்கிறது. உடன் வரும் அம்மாவுக்கு 64 வயது, அப்பாவுக்கு 69. அப்பா ரத்த அழுத்த மாத்திரை எடுக்கிறார். எல்லோரும் சைவம். இதில் போகலாமா?

பதில்:

பள்ளத்தாக்குக்குக் கண்டிப்பாகப் போங்கள். அந்த ஆறு மணிப் பயணத்தில் மட்டும் போகாதீர்கள்.

முதலில் தூரத்தைப் பாருங்கள். சால்டாவிலிருந்து உமாவாகா ஏறத்தாழ 250 கிலோமீட்டர். போய்வர 500. அங்கிருந்து ஓர்னோகால் இன்னும் 25 கிலோமீட்டர், வளைந்து வளைந்து ஏறும் மண் சாலை. எல்லாம் சேர்ந்தால் பகலில் பாதிக்கு மேல் வண்டிக்குள்ளேயே போய்விடும். ஊருக்கு அரை மணி, முக்கால் மணி என்று இறக்கிவிட்டு ஏற்றுவார்கள். அந்த நேரத்தில் கடைத்தெருவில் ஒரு சால்வையை விலை பேசி முடிக்கலாம், அவ்வளவுதான். இன்னொன்று, ஜூலை அங்கே குளிர்காலம். சால்டாவில் விடியவே எட்டு மணி ஆகும். ஆறு மணிக்குக் கிளம்பினால் முதல் இரண்டு மணி நேரம் கண்ணாடிக்கு வெளியே இருட்டுதான்.

உயரம்தான் எனக்குப் பெரிய கவலை. சால்டா சுமார் 1,200 மீட்டர். புர்மமார்க்கா 2,300 மீட்டர் அளவில் இருக்கிறது, நம் ஊட்டியைப் போல. தில்காரா அதைவிடக் கொஞ்சம் மேலே. இதுவரை பெரியவர்களுக்குப் பிரச்சினை வராது. உமாவாகா மூவாயிரத்தை நெருங்குகிறது. ஓர்னோகால் காட்சிமுனை 4,350 மீட்டர். கடல்மட்டத்தில் ஒரு மூச்சில் கிடைக்கும் ஆக்சிஜனில் அங்கே கிட்டத்தட்ட அறுபது சதவீதம்தான் கிடைக்கும். காலையில் 1,200, மாலையில் 4,350, இரவில் மறுபடி 1,200 என்று ஒரே நாளில் ஏறி இறங்கினால் இளைஞர்களுக்கே தலை வலிக்கும். உங்கள் அப்பாவை அப்படி ஏற்றி இறக்க எனக்கு மனம் வரவில்லை. கிளம்புவதற்கு முன் அவருடைய மருத்துவரிடம் 4,350 என்ற எண்ணைச் சொல்லியே கேளுங்கள். 'மலைப்பிரதேசம்' என்று பொதுவாகச் சொன்னால் அவர் கொடைக்கானல் என்று நினைத்துக்கொள்வார்.

என் யோசனை இது. 29 இரவு மட்டும் சால்டா. அடுத்த இரண்டு இரவுகளையும் தில்காராவுக்கு மாற்றுங்கள். முடிந்தால் திரும்பும் விமானத்தை ஹுஹுய் விமான நிலையத்திலிருந்து போடுங்கள். சால்டாவுக்கே திரும்பி வருவதைவிட அது மிகவும் கிட்டம். பள்ளத்தாக்கு முழுவதும் ஹுஹுய் மாகாணத்தில்தான் இருக்கிறது. வழிகாட்டியை அந்த மாகாணத்திலேயே, இன்னும் நல்லது தில்காராவிலேயே பிடியுங்கள்.

30-ஆம் தேதி விடிந்ததும் கிளம்பினால் மூன்று மணி நேரத்தில் புர்மமார்க்கா. அங்கே இருக்கும் ஏழு வண்ண மலையின் முகத்தில் காலை வெயில்தான் விழும். பதினொன்றரைக்குள் போய்விடுங்கள். மதியத்துக்கு மேல் வெயில் பின்னால் போய்விடும், பச்சையும் ஊதாவும் மங்கி எல்லாம் ஒரே செம்மண்ணாகத் தெரியும். மாலையில் போய்விட்டு "படத்தில் பார்த்த மாதிரி இல்லையே" என்று சொன்னவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். மலைமீது குறை இல்லை, போன நேரம்தான் சரியில்லை.

அந்த வண்ணங்கள் எல்லாம் ஒரே காலத்தவை அல்ல. சிவப்பு இரும்பால் வந்தது, பச்சை செம்பு கலந்த பாறைகளால், வெள்ளை சுண்ணாம்புக் கல்லால். மிகப் பழைய அடுக்குகளுக்கு ஐம்பது கோடி ஆண்டுகளுக்கு மேல் வயது. ஆண்டீஸ் மலைத்தொடர் எழும்பியபோது நெருக்குண்டு, மடிந்து, செங்குத்தாக நிமிர்ந்து நிற்கின்றன. உள்ளூரில் வேறு கதை உண்டு: ஊர்க் குழந்தைகள் ஏழு இரவுகள் படுக்கையிலிருந்து எழுந்து போய் மலைக்கு வண்ணம் பூசினார்களாம். இரண்டையும் சொல்லும் வழிகாட்டி கிடைத்தால் நல்லது.

மலைக்குப் பின்னால் சுற்றிவரும் 'லோஸ் கொலொராதோஸ்' பாதை மூன்று கிலோமீட்டர்தான், பெரும்பாலும் சமதளம். அம்மா அப்பா நிதானமாக நடக்கலாம். இருபுறமும் சிவந்த சுவர்கள், அவ்வளவு அமைதி. நாள்பயண வண்டிகள் பலவும் இந்த நடைக்கு நேரம் தருவதில்லை. புர்மமார்க்காவில் எனக்கு மிகவும் பிடித்தது அதுதான். சதுக்கத்து ஓரம் 1648-ஆம் ஆண்டைச் சேர்ந்த சின்ன மண் தேவாலயம் இருக்கிறது. அதன் கூரை மரத்தைப் பாருங்கள், முழுக்க ஓட்டை ஓட்டையாக இருக்கும். பூச்சி அரித்ததல்ல. 'கார்தோன்' என்னும் ஆளுயரத்தைத் தாண்டி வளரும் கள்ளிச்செடியின் உள்மரமே அப்படித்தான். மரமில்லாத நாட்டில் கதவும் கூரையும் கள்ளியிலேயே செய்தார்கள்.

அங்கிருந்து தில்காரா போகும் வழியில் மைமரா. எதிரே 'ஓவியனின் பலகை' என்று பெயர் வாங்கிய மலைச்சரிவு. ஊர்க் கல்லறை வெளியே, ஒரு மேட்டின்மேல் படிப்படியாக ஏறியிருக்கும். சாலையிலிருந்தே பார்த்துவிட்டுப் போகலாம்.

தில்காராவில் 'புக்காரா' என்ற கோட்டையூருக்கு இரண்டு மணி நேரம் ஒதுக்குங்கள். இன்காக்கள் பதினைந்தாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் வருவதற்கு முன்பே, இந்தப் பள்ளத்தாக்கின் பழங்குடியினரான ஓமாவாகா மக்கள் இந்தக் குன்றின்மேல் கல்வீடு கட்டி வாழ்ந்தார்கள். அகழாய்வு 1908-இல் தொடங்கியது. இன்று நிற்கும் சுவர்களில் பல பின்னாளில் மறுபடி கட்டியவை. நடுவில் ஒரு மொட்டைப் பிரமிடு இருக்கும். வருகிறவர்கள் எல்லோரும் அதன்முன் நின்று படம் எடுத்துக்கொள்வார்கள். அது பழங்குடி மக்கள் கட்டியதே அல்ல. அகழாய்வு செய்த தொல்லியலாளர்களுக்காக 1935-இல் எழுப்பிய நினைவுச்சின்னம். அந்த மக்கள் வாழ்ந்த இடத்தின் நடுவிலேயே அதைக் கட்டியது தவறு என்பது என் கருத்து. உங்கள் வழிகாட்டி இதைத் தானாகச் சொல்கிறாரா என்று கவனியுங்கள். சொன்னால் நல்ல வழிகாட்டி கிடைத்திருக்கிறார் என்று நம்பி, மற்ற கேள்விகளையும் கேளுங்கள்.

31-ஆம் தேதி வடக்கே போகும் நாள். நீங்கள் கேட்ட 'வழிகாட்டியோடு ஒரு நாள்' இதுவாக இருக்கட்டும். வண்டி பேசும்போதே மூன்று கேள்விகளைக் கேட்டுவிடுங்கள்: உக்கியா ஊரில் நிறுத்துவீர்களா, பகல் பன்னிரண்டுக்கு உமாவாகா சதுக்கத்தில் இருப்போமா, ஓர்னோகாலுக்கு அதே வண்டியா, வேறு வண்டியா?

வாகலேரா என்ற ஊரில் சாலையோரம் மகர ரேகையைக் குறிக்கும் கல் இருக்கிறது, ஐந்து நிமிடம் போதும். உக்கியாவுக்கு அரை மணி கொடுங்கள். வெள்ளையடித்த சின்னக் கோயில், 1691-ஐச் சேர்ந்தது. உள்ளே போனதும் முதலில் எதுவும் தெரியாது, அவ்வளவு மங்கல். கண் பழகியதும் சுவரில் ஒவ்வொருவராகத் தெரிவார்கள்: ஒன்பது தேவதூதர்கள். சரிகை அங்கி, லேஸ் வைத்த கைப்பட்டை, இறகு செருகிய அகலத் தொப்பி, முதுகில் சிறகு. கையில் துப்பாக்கி! அந்தக் காலத்து ஸ்பானியப் பிரபுக்களின் உடையை அப்படியே வானவர்களுக்குப் போட்டு, வெடிமருந்துத் துப்பாக்கியையும் கொடுத்துவிட்டார்கள். பெருவின் குஸ்கோ நகரப் பாணி ஓவியங்கள் இவை. வென்றவர்களின் கடவுள் எப்படி இந்த மலைக்குள் நுழைந்தார் என்பதற்கு எனக்குத் தெரிந்து இதைவிடத் தெளிவான சாட்சி வேறில்லை. உள்ளே படம் எடுக்க விடமாட்டார்கள், எடுக்க முயலவும் வேண்டாம்.

உமாவாகாவில் நண்பகலுக்கு நகர்மன்றக் கடிகாரத்தின் கீழே ஒரு கதவு திறந்து, புனித பிரான்சிஸ்கோ சொலானோவின் ஆளுயரச் சிலை வெளியே வந்து கையசைத்து ஆசி வழங்கிவிட்டு உள்ளே போகும். ஓரிரு நிமிடம்தான். அந்த நேரம் சதுக்கத்தில் சந்தைக்காரப் பெண்கள்கூடப் பேச்சை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்ப்பார்கள். அதற்கு மேலே சுதந்திர வீரர்கள் நினைவுச்சின்னத்துக்கு நீளமான படிக்கட்டு. மூவாயிரம் மீட்டரில் அத்தனை படி அப்பாவுக்கு வேண்டாம், கீழே நிழலில் உட்காரட்டும்.

சாப்பாடும் இங்கேதான். சைவத்துக்கு 'உமிதா' கேளுங்கள். பச்சைச் சோளத்தை அரைத்து, சீஸ் சேர்த்து, சோளத் தோகையில் மடித்து நாரால் கட்டி வேகவைத்தது. பிரிக்கும்போது எழும் ஆவியில் இலைக் கொழுக்கட்டையின் நினைவு வரும். பார்க்க அதேபோல் இருக்கும் 'தமால்' வேறு, அதற்குள் இறைச்சி இருக்கும். தெருவோரம் கனலில் சுடும் சீஸ் ரொட்டியும் நன்றாக இருக்கும். ஆனால் மாவில் மாட்டுக் கொழுப்பு சேர்ப்பது வழக்கம், சில இடங்களில் உமிதாவிலும் சேர்ப்பார்கள். "சின் கார்னே, சின் க்ராசா" என்று சொல்லிக் கேளுங்கள். இறைச்சியும் இல்லாமல், கொழுப்பும் இல்லாமல் என்று பொருள். முதல் பாதியை மட்டும் சொன்னால் போதாது. உயரத்தில் செரிமானம் மெதுவாகத்தான் நடக்கும், மதியம் பாதி வயிறு போதும்.

இனி ஓர்னோகால். ஒரு இரவு தில்காராவில் தூங்கி எழுந்து, தலைவலி இல்லாமல், படியேறும்போது மூச்சு வாங்காமல் இருந்தால் அப்பாவும் வரலாம், மருத்துவர் சரி என்றிருந்தால். இல்லையென்றால் அம்மாவும் அவரும் உமாவாகாவில் இருக்கட்டும், நீங்கள் மட்டும் உள்ளூர் பிக்கப் வண்டியில் போய்வாருங்கள். அந்த மலை மேற்கு பார்த்தது. நான்கு மணி வெயிலில்தான் அதன் முக்கோண மடிப்புகள் ஒன்றன்பின் ஒன்றாக எரியும். அவ்வளவும் டைனோசர் காலத்தின் கடைசியில் ஆழமில்லாத கடலடியில் படிந்த சுண்ணாம்புக்கல். காட்சிமுனையிலிருந்து கீழே இறங்க ஒரு பாதை இருக்கிறது. இறங்குவது சுகம். திரும்ப ஏறும்போது இருபது அடிக்கு ஒருமுறை நிற்க வேண்டியிருக்கும். நான் முதல் முறை ஆசைப்பட்டு இறங்கி, ஏறிவந்ததும் வண்டிக் கதவைப் பிடித்துக்கொண்டு பத்து நிமிடம் பேச முடியாமல் நின்றேன். பெரியவர்கள் மேலேயே நின்று பார்க்கட்டும். காற்று கடுமையாக இருக்கும், காது மூடும் குல்லாய் அவசியம்.

அங்கே நுழைவுக்கட்டணத்தை வாங்குவது அந்த நிலத்துக்குரிய பழங்குடிச் சமூகம். பேரம் பேசாமல் ரொக்கமாகக் கொடுங்கள், சின்ன நோட்டுகள் கையில் இருக்கட்டும். நிலம் இங்கே பழைய காயம். 1946-இல் இந்த மலைகளின் பழங்குடியினரான கோயா மக்கள் நில உரிமை கேட்டு புவனஸ் ஐரிஸ் வரை ஊர்வலமாகப் போனார்கள், அரசு அவர்களைப் பலவந்தமாக ரயிலேற்றித் திருப்பி அனுப்பியது. 2023-இல் மாகாண அரசமைப்புத் திருத்தத்தையும் லித்தியம் சுரங்கங்களையும் எதிர்த்து புர்மமார்க்கா சந்திப்பிலேயே சாலையை மறித்தார்கள். மறியல் நடந்தால் வண்டி மணிக்கணக்கில் நிற்கும். கிளம்பும் காலையில் விடுதியில் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள். நின்றுவிட்டால் கோபப்படாதீர்கள், அந்த மண் யாருடையது என்பதுதான் அங்கே கேள்வி.

உங்கள் தேதிகளில் ஒரு பேறு இருக்கிறது. ஆகஸ்ட் 1 பச்சமாமாவின் நாள். பூமித்தாய்க்கு உணவிடும் நாள். வீட்டு முற்றத்தில் குழி தோண்டி, சமைத்த சோறு, சோளக் கள், கோகா இலை (கொக்கெயின் எடுக்கும் செடியின் இலை) எல்லாவற்றையும் இரண்டு கையாலும் ஏந்தி உள்ளே இடுவார்கள், பிறகு மண்ணால் மூடுவார்கள். 31 இரவு தில்காராவில் இருந்தால் காலையில் இதைக் காண வாய்ப்புண்டு. விடுதிக்காரரிடம் முன்கூட்டியே பணிவாகக் கேளுங்கள். அழைத்தால் போங்கள், கொடுத்ததை அவர்களைப் போலவே இரு கையாலும் இடுங்கள், கேமராவை பைக்குள்ளேயே வைத்துவிடுங்கள். நம் பெற்றோருக்கு இதை விளக்கவே வேண்டியிருக்காது.

கோகா இலை பற்றியும் சொல்லிவிடுகிறேன். உயரத்துக்கு நல்லது என்று வழிகாட்டி முதல் கடைக்காரர் வரை எல்லோரும் நீட்டுவார்கள். அர்ஜென்டினாவில் இலையை மெல்வது சட்டப்படி குற்றமல்ல. ஆனாலும் ரத்த அழுத்தம் உள்ளவருக்கு அது வேண்டாம், மெல்லத் தண்ணீர் குடித்துக்கொண்டே இருந்தால் போதும். இந்தியாவில் கோகா இலை வைத்திருப்பது போதைப்பொருள் சட்டத்தில் குற்றம். அதனால் ஹுஹுய் விமான நிலையத்துக்குக் கிளம்புமுன் சட்டைப் பை, கைப்பை, அப்பாவின் மாத்திரை டப்பா எல்லாவற்றையும் ஒருமுறை உதறிப் பார்த்துவிடுங்கள்.