நாடகம் படிக்கப் போகிறேன் என்கிற மகளுக்கு முதலில் சில புத்தகங்கள்

அன்புள்ள அம்மாவுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. மகள் பதினோராம் வகுப்பு. கணக்கிலும் உயிரியலிலும் நல்ல புள்ளிகள். இப்போது திடீரென்று "நான் தியேட்டர் படிக்கப் போறன்" என்கிறாள். அப்பா அதைப் பற்றிக் கதைக்கவே மறுக்கிறார், உங்களுக்கோ நித்திரை இல்லை. ஓம் என்று சொல்வதா, வேண்டாம் என்று தடுப்பதா என்று கேட்டிருக்கிறீர்கள்.

இப்போதைக்கு இரண்டையும் சொல்லாதீர்கள். பல்கலைக்கழகத்துக்கு விண்ணப்பிக்க இன்னும் நேரம் இருக்கிறது. அதுவரைக்கும் மகளைக் கனடிய நாடகங்களை வாசிக்கச் சொல்லுங்கள். துண்டு துண்டாக இல்லை, ஒவ்வொன்றையும் முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை. அதில் இரண்டு மூன்றை நீங்களும் வாசியுங்கள். நாடகத்துறைக்குப் போக விரும்பும் பிள்ளைகளுக்கும் பெற்றோருக்கும் நான் முதலில் சொல்வது இதைத்தான். காசு கட்டி நடிப்பு வகுப்பில் சேர்ப்பதெல்லாம் அதற்குப் பிறகு.

காரணம் இருக்கிறது. "தியேட்டர்" என்று சொல்லும் பிள்ளைகளில் பலர் பார்த்திருப்பது பள்ளி மியூசிக்கல் ஒன்று, ஆங்கில வகுப்பில் ஷேக்ஸ்பியர் ஒன்று, மிச்சம் யூடியூப். அதை வைத்துக்கொண்டு நான்கு வருடப் படிப்பைத் தெரிவு செய்ய முடியாது. நாடக நூலில் வெறும் வசனமும் சில மேடைக் குறிப்புகளும்தான் இருக்கும். மிச்சத்தை வாசிக்கிறவர் தன் தலைக்குள் கட்டவேண்டும். அப்படிக் கட்டும்போது ஒரு பிள்ளையின் மனம் எந்தப் பக்கம் போகிறது என்று கவனித்தால், இந்தத் துறையில் அவளுக்கு இடம் இருக்கிறதா, இருந்தால் எந்த வேலையில் என்பது ஓரளவு தெரிந்துவிடும்.

கனடிய நாடகங்களாகப் பார்த்துச் சொல்வதற்கும் காரணம் உண்டு. 1960களின் கடைசிவரை இங்குள்ள பெரிய மேடைகளில் பெரும்பாலும் பிரித்தானிய, அமெரிக்க நாடகங்கள்தான் நடந்தன. 1970இல் ரொறன்ரோவில் தொடங்கிய ஃபக்டரி தியேட்டர், கனடிய நாடகங்களை மட்டுமே மேடையேற்றுவோம் என்று அறிவித்தது. அதே காலத்தில் டாராகன், பஸ் முராய் போன்ற சிறிய அரங்குகளும் புதிய நாடக ஆசிரியர்களுக்கு இடம் கொடுத்தன. அந்த அரங்குகள் இன்றும் இருக்கின்றன. உங்கள் மகள் நாளை வேலை தேடிப் போகப்போகும் இடங்கள் இவைதான். அங்கே என்ன நடந்திருக்கிறது, என்ன மாதிரியான எழுத்தை அவர்கள் மதிக்கிறார்கள் என்பது தெரியாமல் அந்தக் கதவைத் தட்டுவது சரியில்லை.

எதில் தொடங்கலாம்? என் தெரிவு மிஷெல் ட்ரம்ப்ளேயின் "லே பெல் சேர்". 1968இல் மொன்றியலில் மேடையேறியது. எழுதியவர் அப்போது இருபதுகளில் இருந்த இளைஞர். அச்சகத்தில் எழுத்துக்கோர்க்கும் லைனோடைப் இயந்திரத்தில் வேலை பார்த்தவர். ஆங்கில மொழிபெயர்ப்பு நூலகங்களில் கிடைக்கிறது. கதை சின்னது. அந்தக் காலத்தில் கடைகள் கொடுத்த சலுகை முத்திரைகளைப் புத்தகத்தில் ஒட்டிக் கொடுத்தால் வீட்டுச் சாமான் வாங்கலாம். ஜெர்மைன் லோசான் என்கிற குடும்பப் பெண்ணுக்குப் போட்டி ஒன்றில் பத்து லட்சம் முத்திரைகள் பரிசாக விழுகின்றன. ஒட்ட உதவி வேண்டும் என்று அக்கம்பக்கத்துப் பெண்களையும் சகோதரிகளையும் தன் குசினிக்குக் கூப்பிடுகிறாள். வந்தவர்கள் ஒட்டிக்கொண்டே பொறாமையில் வேகிறார்கள். ஒட்டி முடித்த புத்தகங்களைக் களவாகத் தங்கள் கைப்பைக்குள் போடுகிறார்கள். இடையிடையே ஒவ்வொருத்தியும் தனியாக முன்னுக்கு வந்து, மற்றவர்களுக்குச் சொல்லாத தன் வாழ்க்கையைப் பார்வையாளரிடம் சொல்கிறாள். மேடையில் மொத்தம் பதினைந்து பெண்கள், ஓர் ஆண்கூட இல்லை. மொன்றியலின் தொழிலாளர் பகுதியில் பேசப்பட்ட பிரெஞ்சை அப்படியே மேடைக்குக் கொண்டுவந்ததால் பெரிய சர்ச்சையே எழுந்தது. கடைசியில் பெண்கள் "ஓ கனடா" பாட, மேலிருந்து முத்திரைகள் மழையாகக் கொட்டுகின்றன.

மகள் இதை வாசித்து முடித்ததும் "பிடிச்சுதா?" என்று கேட்காதீர்கள். "இதில் உனக்கு எதைச் செய்ய ஆசையாக இருந்தது?" என்று கேளுங்கள். தனியாக வந்து பேசும் பெண்களில் ஒருத்தியின் பேச்சைத் திரும்பத் திரும்பச் சத்தமாக வாசித்துப் பார்த்திருந்தால், நடிப்பின் பக்கம் ஏதோ இருக்கிறது. "ஒவ்வொரு இரவும் அவ்வளவு முத்திரையை யார் மேலே ஏற்றுவது, எந்த நொடியில் விடுவது, மேடையை யார் கூட்டுவது?" என்று கேட்டால், அவள் மேடை நிர்வாகத்துக்கும் தயாரிப்புக்கும் பொருத்தமான பிள்ளை, அந்தக் கேள்வியைச் சின்னதாக நினைக்காதீர்கள். குசினியின் சுவர் என்ன நிறம், ஜெர்மைன் என்ன உடுத்திருப்பாள் என்று கீறத் தொடங்கினால் வடிவமைப்பு. பதினைந்து பேரையும் ஒரு குசினிக்குள் எப்படி நிறுத்துவது என்று யோசித்தால் நெறியாள்கை. இதெல்லாம் இல்லாமல், அந்தப் பேச்சுமொழி ஏன் அவ்வளவு கோபத்தைக் கிளப்பியது என்று தேடிப்போனால், அவளுக்கு ஆராய்ச்சியோ கற்பித்தலோ பொருந்தலாம். இருபது பக்கத்தோடு மூடிவைத்துவிட்டு ஃபோனை எடுத்தால் அதுவும் ஒரு பதில்தான். ஆனால் ஒரு புத்தகத்தை வைத்து முடிவுகட்ட வேண்டாம். இன்னும் இரண்டைக் கொடுத்துப் பாருங்கள்.

அடுத்து ரொம்சன் ஹைவேயின் "த ரெஸ் சிஸ்டர்ஸ்", 1986. ஒன்ராறியோவின் மானிட்டூலின் தீவிலுள்ள ஒரு கற்பனைக் குடியிருப்பிலிருந்து, கனடாவின் பூர்வகுடிகளான ஏழு முதற்குடிப் பெண்கள், உலகத்திலேயே பெரிய பிங்கோ விளையாட்டு நடக்கிறது என்று ரொறன்ரோவுக்குப் புறப்படுகிறார்கள். ட்ரம்ப்ளேயை வாசித்த கையோடு இதை வாசித்தால், ஒரு நாடகம் இன்னொரு நாடகத்துக்கு எப்படிப் பதில் சொல்கிறது என்று பிள்ளைக்குத் தானாகவே விளங்கும்.

"த ஃபார்ம் ஷோ"வையும் தேடி எடுக்கட்டும். 1972 கோடையில் நெறியாளர் போல் தொம்சனும் பஸ் முராய் நடிகர்களும் ஒன்ராறியோவில் கிளின்டன் என்ற ஊருக்குப் போய், கமக்காரர்களோடு இருந்து வேலை செய்து, கண்டதையும் கேட்டதையும் நாடகமாக்கி, அந்த ஊர்க் களஞ்சியக் கொட்டகை ஒன்றில் அவர்களுக்கு முன்னாலேயே நடித்துக் காட்டினார்கள். உழவு இயந்திரம் வேண்டுமா, நடிகர்கள் தங்கள் உடம்பாலேயே அதைச் செய்தார்கள். கொழும்பில் பிறந்து இங்கே வந்த எழுத்தாளர் மைக்கேல் ஒண்டாச்சி அந்த நாடகத்தைப் பற்றி 1974இல் ஒரு படம் எடுத்திருக்கிறார். பணமும் செட்டும் இல்லாமல் ஒரு நாடகம் எப்படி உருவாகிறது என்று தெரிந்துகொள்ள இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை.

இனி நீங்களும் அவளுடைய அப்பாவும் வாசிக்கவேண்டியவை. டேவிட் ஃபிரெஞ்சின் "லீவிங் ஹோம்", 1972இல் டாராகனில் மேடையேறியது. நியூஃபவுண்ட்லாந்திலிருந்து ரொறன்ரோவுக்கு இடம்பெயர்ந்த குடும்பம். தகப்பன் ஜேக்கப் தச்சு வேலை செய்கிறவர். இளையவனுக்கு அவசரக் கல்யாணம், மூத்தவனும் வீட்டைவிட்டுப் போகப்போகிறான். அதோடு வீடு வெடிக்கிறது. ஜேக்கப்பின் கோபத்துக்குள் இருக்கும் பயத்தைப் புலம்பெயர்ந்த எந்தத் தகப்பனும் அடையாளம் காண்பார். இன்ஸ் சோயின் "கிம்ஸ் கன்வீனியன்ஸ்" தொலைக்காட்சித் தொடராக வந்ததால் உங்களுக்குத் தெரிந்திருக்கும். அதற்கு முன்னால் அது நாடகம்: 2011இல் ரொறன்ரோ ஃபிரிஞ்ச் விழாவில் தொடங்கி, அடுத்த வருடம் சோல்பெப்பர் அரங்குக்கு வந்தது. கடையை மகள் எடுத்து நடத்தவேண்டும் என்று தகப்பன், அவளோ படம்பிடிப்பவள். உங்கள் வீட்டுப் பிரச்சினையைக் கொரியக் குடும்பத்துக்குள் வைத்துப் பார்க்கும்போது கொஞ்சம் நிதானமாகப் பார்க்கலாம். அப்பா புத்தகம் வாசிக்க மாட்டார் என்றால் மகளைச் சத்தமாக வாசிக்கச் சொல்லி, தகப்பன் பாத்திரத்தின் வசனங்களை அவரிடம் கொடுங்கள்.

எங்கள் கதையும் அந்த அலுமாரியில் இருக்கிறது. சுவேந்திரினி லீனா எழுதிய "த என்சாண்டட் லூம்" 2016இல் ஃபக்டரி தியேட்டரில் மேடையேறியது. போரில் தப்பி ரொறன்ரோவுக்கு வந்த தமிழ்க் குடும்பம். போரின் காயத்தால் நினைவு கலைந்து வலிப்பில் அவதிப்படும் தகப்பன். மூளையில் சத்திரசிகிச்சை செய்வதா என்ற கேள்வி. எழுதியவர் நரம்பியல் மருத்துவர். இதைச் சொன்னவுடன் "அப்ப முதலில் டொக்டராகட்டும், பிறகு எழுதட்டும்" என்று தோன்றும். நான் அதற்காக இதைச் சொல்லவில்லை. தான் வளர்ந்த வீடு கனடிய மேடைக்குத் தகுதியான விஷயம் என்று மகள் அச்சில் பார்க்கவேண்டும், அதற்காகச் சொல்கிறேன். இலங்கையில் உயர்தரப் பரீட்சைக்கு நாடகமும் அரங்கியலும் ஒரு பாடமாக இருப்பது உங்களுக்குத் தெரியும். இங்கேயும் மனவெளி கலையாற்றுக் குழு போன்றவர்கள் தமிழில் நாடகம் போட்டிருக்கிறார்கள். அவள் எங்கோ தெரியாத காட்டுக்குள் போகவில்லை.

நாடகத்தைப் பற்றிய நூல்களில் இந்த வயதுக்கு ஒன்று போதும்: கீத் ஜோன்ஸ்டனின் "இம்ப்ரோ", 1979. எழுதிவைத்த வசனம் இல்லாமல் மேடையிலேயே உருவாக்கி நடிப்பதைப் பற்றியது. இங்கிலாந்திலிருந்து கல்கரிக்கு வந்து லூஸ் மூஸ் அரங்கைத் தொடங்கியவர். பயம் எப்படிக் கற்பனையை அடைக்கிறது என்று தெளிவாக எழுதியிருக்கிறார்; நடிக்கப் போகாதவர்களுக்கும் பயன்படும். இன்னும் வேண்டும் என்றால் ஜெரி வாஸர்மன் தொகுத்த "மாடர்ன் கனேடியன் பிளேஸ்" தொகுதிகள். "கனேடியன் தியேட்டர் ரிவ்யூ" 1974இலிருந்து வரும் காலாண்டிதழ்; இப்போது நாடகக்காரர்கள் எதைப் பற்றி வாதிடுகிறார்கள் என்று அதில் தெரியும். எதையும் காசு கொடுத்து வாங்கத் தேவையில்லை. ரொறன்ரோ பொது நூலக அட்டை போதும். உங்கள் கிளையில் இல்லாததை வேறு கிளையிலிருந்து வரவழைப்பார்கள். புதிய நாடகம் தேடும்போது பிளேரைட்ஸ் கனடா பிரஸ், டாலன்புக்ஸ் என்ற இரண்டு பதிப்பகங்களின் பட்டியலைப் பார்க்கச் சொல்லுங்கள்.

சரி, வேலைக்கு வருவோம். நடிகருக்கு மாதச் சம்பளம் கிடையாது. ஒரு ஒப்பந்தம் முடிந்தால் அடுத்ததைத் தேடவேண்டும். இடையில் வேறு வேலையும் பார்க்கவேண்டும். நல்ல திறமை உள்ளவர்களுக்கும் இதே நிலைதான். இதை மகளிடம் மறைக்காதீர்கள். ஆனால் அரங்குக்குள் நடிகர் ஒரு பகுதிதான். மேடை முகாமையாளரை எடுத்துக்கொள்ளுங்கள். நாடகப் பிரதியின் ஒவ்வொரு பக்கத்திலும் விளக்கு எப்போது மாறும், ஒலி எப்போது வரும், யார் எந்தப் பக்கமிருந்து நுழைவார் என்று குறித்து வைத்து, ஒவ்வொரு இரவும் அந்தப் புத்தகத்தைப் பார்த்து எல்லோருக்கும் சைகை கொடுக்கிறவர் அவர். கணக்கிலும் ஒழுங்கிலும் கெட்டிக்காரியான பிள்ளைக்கு ஏற்ற வேலை. ஒளி, ஒலி, தச்சு, உடை என்று கைத்தொழில் தெரிந்தவர்களுக்கு நாடகத்துக்கு வெளியே படப்பிடிப்பு, இசைநிகழ்ச்சி, மாநாடு என்று வேலை நீள்கிறது. ஆசிரியராக விரும்பினால் நாடகத்தோடு ஆங்கிலத்தையும் இரண்டாவது கற்பித்தல் பாடமாக எடுத்து, பிறகு பி.எட். செய்யலாம்.

படிக்கும் இடங்களும் ஒரே மாதிரி இல்லை. மொன்றியலில் 1960இல் தொடங்கிய நாஷனல் தியேட்டர் ஸ்கூலில் நடிப்பு, நாடக எழுத்து, வடிவமைப்பு, தயாரிப்பு எல்லாவற்றுக்கும் தனித்தனிப் பயிற்சி; எடுப்பது மிகச் சிலரைத்தான். ரொறன்ரோ மெட்ரோபொலிட்டன் பல்கலைக்கழகத்தில் நடிப்பும் தயாரிப்பும் தனித்தனிப் படிப்புகள். யோர்க் பல்கலைக்கழகத்திலும் நாடகத்துறை இருக்கிறது. உங்கள் வீட்டுக்குப் பக்கத்தில் ரொறன்ரோ பல்கலைக்கழக ஸ்காபரோ வளாகத்தில் நாடகத்தோடு இன்னொரு துறையையும் சேர்த்துப் படிக்கலாம். உயிரியலை விட மனமில்லாத பிள்ளைக்கு அந்த வழியை முதலில் விசாரியுங்கள். ஷெரிடன் கல்லூரி இசைநாடகத்துக்குப் பெயர்போனது. பிறகு பிராட்வே வரை போன "கம் ஃபிரம் அவே" 2012இல் அங்கே மாணவர்களோடுதான் முதலில் உருவெடுத்தது. அதை முன்னெடுத்த தயாரிப்பாளர் மைக்கேல் ருபினோஃப் முன்பு சட்டத்தரணி.

நடிப்புக்கு விண்ணப்பித்தால் ஒடிஷனில், அதாவது நடித்துக் காட்டும் தேர்வில், தனிப்பேச்சுகள் கேட்பார்கள். இணையத்தில் கிடைக்கும் தனித் துண்டுகளை மனப்பாடம் செய்துகொண்டு போகும் பிள்ளைகள் ஏராளம். "இதற்கு முந்தின காட்சியில் இவளுக்கு என்ன நடந்தது?" என்று ஒரு கேள்வி வந்தால் திணறிவிடுவார்கள். முழு நாடகத்தையும் வாசித்து, தன் வயதுக்கும் குரலுக்கும் பொருந்தும் பாத்திரத்தைத் தானே கண்டெடுத்த பிள்ளைக்கு அந்தத் திணறல் வராது.

இந்த வருடம் செய்யவேண்டியது: பன்னிரண்டாம் வகுப்புக்கு நாடகப் பாடத்தை, அதாவது ஏடிஏ4எம்மை, எடுக்கட்டும். அது பல்கலைக்கழக அனுமதிக்கான ஆறு பாடங்களில் ஒன்றாகக் கணக்கில் வரும். ஆங்கிலம் கட்டாயம். கணக்கையும் உயிரியலையும் விடவேண்டாம். வேறு துறைக்கு மனம் மாறினாலும் வழி திறந்திருக்கும். ஒன்ராறியோ விண்ணப்பங்களுக்கு ஜனவரி நடுப்பகுதி முக்கியமான தேதி. ஒடிஷன் உள்ள படிப்புகள் தங்களுக்கென்று தனித் தேதிகளும் வைத்திருக்கும், அவற்றை இப்போதே குறித்துவையுங்கள். பாடத் தெரிவுப் படிவம் பள்ளியில் பெரும்பாலும் பெப்ரவரியில் வரும். அதற்கு முன்னால் ட்ரம்ப்ளேயையும் இன்னும் இரண்டு நாடகங்களையும் முடித்துவிட்டு, மகளையும் அப்பாவையும் கூட்டிக்கொண்டு வாருங்கள். அவள் என்ன கேள்விகளோடு வருகிறாள் என்று பார்த்து அந்தப் படிவத்தை ஒன்றாக இருந்து நிரப்புவோம்.