அப்பத்தா பாட்டை யூடியூபில் போடலாமா?

கேள்வி: நடவு வயலில் பாடிய 'கெட்ட' பாட்டுகளையும் கதைகளையும் என் அப்பத்தாவும் அவர் சேக்காளிகளும் திண்ணையில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல, அனுமதி கேட்டுவிட்டுத்தான் போனில் பதிவு செய்தேன். சித்தப்பா வந்ததும் சட்டென்று பேச்சை மாற்றிவிட்டார்கள். அத்தை மகன் யூடியூபில் போடச் சொல்கிறான். போடலாமா?
- வாசகி, சிவகங்கை மாவட்டம்

பதில்: பதிவு செய்தது நல்ல காரியம். எழுத்தாளர் கி.ரா. (கி. ராஜநாராயணன்) இந்த மாதிரி நாட்டார் பாலியல் கதைகளைத் தேடித் திரட்டிப் புத்தகமாகவே போட்டார். கேரளாவின் கொடுங்கல்லூரில் மீன மாதப் பரணித் திருவிழாவுக்குப் பகவதி கோயில் வாசலிலேயே தெறிப்பாட்டு, அதாவது கெட்ட வார்த்தைப் பாட்டு, பாடுகிறார்கள். ஆக, கெட்ட வார்த்தை இருக்கிறதே என்று நீங்கள் கூச்சப்பட ஒன்றுமில்லை.

ஆனால் புத்தகத்தில் சொன்னவரின் முகமும் குரலும் வராது, உங்கள் வீடியோவில் வரும். பேத்தி கேட்டதற்கு அப்பத்தா சரி என்றார், அவ்வளவுதான். சித்தப்பா காதில் விழக்கூடாது என்று அவர்கள் நினைத்தது யூடியூபில் ஏறினால் சித்தப்பா உட்காரும் டீக்கடை வரைக்கும் போகும், நாளைக்குக் கல்யாண வீட்டில் அப்பத்தாவை ஓரக்கண்ணால் பார்ப்பவர்களுக்கு நீங்களா பதில் சொல்வீர்கள்?

இன்னொன்று, இதுதான் எனக்குப் பெரிய கவலை. இந்தப் பாட்டுகளில் ஊர்ப் பெரிய மனுஷர், கொழுந்தன், எதிர்வீட்டுக்காரி என்று நிஜ ஆட்களை இழுத்திருப்பார்கள், சாதிப் பெயர்கூட வரும். வயலுக்குள் கேலியாக இருந்தது வெளியே வந்தால் வெட்டுக்குத்து வரை போகலாம். ஒருமுறை முழுதாகக் கேட்டு அந்த இடங்களைக் குறித்துவையுங்கள்.

அப்புறம் வீடியோவை அப்பத்தாவுக்கே போட்டுக் காட்டுங்கள், கூடப் பாடியவர்களுக்கும் தனித்தனியாக. கூட்டத்தில் கேட்டால் எல்லாரும் சிரித்துக்கொண்டே 'போடு தாயி' என்றுதான் சொல்வார்கள். யார் யார் பார்ப்பார்கள் என்பதையும் ஒளிக்காமல் சொல்லுங்கள். ஒருவர் வேண்டாம் என்றாலும் அவர் பாடியது வெளியே வரக்கூடாது; பெயர்களை எடுத்துவிட்டு எழுத்தில் மட்டும் வைத்துக்கொள்ளலாம், அதற்கும் அவர் சம்மதித்தால்.

சட்டமும் இருக்கிறது. தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67-ஆம் பிரிவில் ஆபாசத்தை இணையத்தில் பரப்பினால் முதல் முறையே 3 ஆண்டு வரை சிறை, 5 லட்சம் வரை அபராதம். இலக்கியம், கலை, கல்விக்காக என்றால் விலக்கு உண்டுதான், ஆனால் 'பாட்டியின் பலான பாட்டு' என்று தலைப்பு வைத்துவிட்டு (அத்தை மகன் அதைத்தான் வைப்பார்) அந்த விலக்கைக் கேட்க முடியாது.

எல்லாரிடமும் கேட்டு முடிக்கும் வரை ஃபைலை அத்தை மகனுக்கு அனுப்பாதீர்கள். வாட்ஸ்அப்பில் போனது போனதுதான்.