தீர்ப்பு வரும்போது ஆட்சி இருக்குமா? ஆளுநர், 356, கட்சித்தாவல்: கேள்வி பதில்

உயர் நீதிமன்றத்தில் அரசியல் சாசன வழக்குகள் நடத்துகிற வழக்கறிஞர் நான். ஆளுநர், 356 (மாநில ஆட்சியைக் கலைத்துக் குடியரசுத் தலைவர் ஆட்சி கொண்டுவர வழிசெய்கிற அரசியல் சாசனப் பிரிவு), கட்சித்தாவல் பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள் என்று சொன்னதும் கேள்விகள் குவிந்துவிட்டன. ஒரே மாதிரி வந்தவற்றை ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன். எந்தக் கட்சிக்காரருக்குக் கோபம் வந்தாலும் சரி, மனதில் பட்டதை அப்படியே சொல்லிவிடுகிறேன்.

மேடம், எதற்கெடுத்தாலும் பொம்மை வழக்கு என்கிறார்களே, அதில் அப்படி என்னதான் நடந்தது? (ஈரோடு)

கர்நாடகத்தில் எஸ்.ஆர். பொம்மை முதல்வராக இருந்தார். 1989 ஏப்ரலில் ஆளுங்கட்சி எம்.எல்.ஏ. ஒருவர் ஆளுநர் வெங்கடசுப்பையாவிடம் போய், 19 எம்.எல்.ஏ.க்கள் ஆதரவை விலக்கிக்கொள்வதாகக் கடிதங்களைக் கொடுத்தார். ஆளுநர் டெல்லிக்கு அறிக்கை அனுப்பினார். மறுநாளே அந்த 19 பேரில் ஏழு பேர், "ஏமாற்றிக் கையெழுத்து வாங்கிவிட்டார்கள், நாங்கள் அரசின் பக்கம்தான்" என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். பேரவை கூடுவதற்கு ஒரு வாரம்தான் இருந்தது. வேண்டுமென்றால் அதையும் முன்கூட்டியே கூட்டலாம், அங்கே பெரும்பான்மையைக் காட்டுகிறேன் என்றார் பொம்மை. ஆளுநர் கேட்கவில்லை. இரண்டாவது அறிக்கை போனது. ஏப்ரல் 21 அன்று ஆட்சி கலைந்தது.

ஒரு வாரம் பொறுத்திருந்தால் போதும், பேரவையில் தலைகளை எண்ணியிருக்கலாம். அதற்குள் அவசரம். கர்நாடக உயர் நீதிமன்றம் பொம்மையின் மனுவைத் தள்ளுபடி செய்தது. உச்ச நீதிமன்றத்தில் ஒன்பது நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னது 1994 மார்ச் 11 அன்று. பெரும்பான்மை உண்டா இல்லையா என்பதை ஆளுநர் மாளிகையில் தீர்மானிக்கக் கூடாது, பேரவையில்தான் தீர்மானிக்க வேண்டும். 356 பிரகடனத்தை நீதிமன்றம் சீராய்வு செய்யலாம். நாடாளுமன்றத்தின் இரு அவைகளும் ஒப்புதல் தரும்வரை பேரவையைக் கலைக்கக் கூடாது. பிரகடனம் செல்லாது என்றானால் பழைய ஆட்சியையும் பேரவையையும் உயிர்ப்பிக்கலாம். இவ்வளவும் அந்தத் தீர்ப்பில் வந்தவை.

சரி, பொம்மைக்கு என்ன கிடைத்தது? ஒன்றும் இல்லை. 1989 நவம்பரிலேயே தேர்தல் நடந்து வேறு ஆட்சி வந்துவிட்டது. கலைத்தது தவறு என்ற தீர்ப்பு அவர் கைக்கு வந்துசேர ஐந்து வருடம் ஆனது. இந்த வகை வழக்குகளில் பலன் எப்போதும் தீர்ப்பு வருகிற தேதியைப் பொறுத்தே இருக்கிறது. கீழே வருகிற பல பதில்களில் இதையேதான் திரும்பச் சொல்லியிருக்கிறேன்.

அம்மா, நான் ஓய்வுபெற்ற ஆசிரியர். 1976, 1980, 1988, 1991 என்று தமிழ்நாட்டில் நான்கு முறை குடியரசுத் தலைவர் ஆட்சியைப் பார்த்தவன். 1991-இல் ஆளுநர் அறிக்கையே தரவில்லை என்பது உண்மையா? (திருச்சி)

உண்மைதான் ஐயா. அப்போது ஆளுநர் சுர்ஜித் சிங் பர்னாலா. தி.மு.க. ஆட்சியைக் கலைப்பதற்கான அறிக்கையை அவர் கொடுக்க மறுத்துவிட்டார். மத்தியில் சந்திரசேகர் அரசு. காங்கிரஸின் ஆதரவில் நின்றுகொண்டிருந்த அரசு அது. 356-இல் ஆளுநரின் அறிக்கையைப் பெற்றோ "அல்லது வேறு வகையிலோ" குடியரசுத் தலைவர் திருப்தியடைந்தால் என்று ஒரு வாசகம் இருக்கிறது. அந்த "வேறு வகையிலோ" என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டு, அறிக்கை இல்லாமலேயே 1991 ஜனவரி 30 அன்று ஆட்சியைக் கலைத்தார்கள். பர்னாலாவைப் பீகாருக்கு மாற்றினார்கள், அவர் பதவியை விட்டே விலகினார்.

ஆளுநர் என்றாலே டெல்லி சொல்வதைக் கேட்பவர் என்று பேசுகிறவர்களுக்கு நான் பர்னாலாவைச் சொல்வேன். அவர் மறுத்தது வீண் போகவில்லை. ஆட்சி கலைந்தது, ஆனால் ஆளுநர் சொன்னார், அதனால் செய்தோம் என்று மத்திய அரசு சொல்லிக்கொள்ள வழியில்லாமல் போனது. முடிவு முழுக்க டெல்லியின் அரசியல் முடிவு என்பது வெளிச்சத்துக்கு வந்தது.

356 இப்போதெல்லாம் முன்புபோல் வருவதில்லையே. பொம்மை தீர்ப்புதானே காரணம்? (போட்டித் தேர்வுக்குப் படிப்பவர், மதுரை)

தேர்வில் அப்படி எழுதினால் மதிப்பெண் கிடைக்கும். ஆனால் பாதிதான் சரி.

இந்தப் பிரிவு பயன்படாமலே கிடக்கும் என்று நம்புவதாக அரசியல் நிர்ணய சபையில் 1949 ஆகஸ்டில் அம்பேத்கர் சொன்னார். அதன்பின் நூறு முறைக்கு மேல் பயன்படுத்தியாகிவிட்டது. 1977-இல் ஜனதா அரசு ஒன்பது காங்கிரஸ் மாநில ஆட்சிகளை ஒரே மூச்சில் கலைத்தது. 1980-இல் இந்திரா காந்தி திரும்பி வந்து அதே வேலையை எதிர்க்கட்சி மாநிலங்களில் செய்தார். எம்.ஜி.ஆர். ஆட்சி போனது அப்போதுதான். இதில் நல்லவர், கெட்டவர் என்று கட்சியை வைத்துப் பிரிக்க இடமே இல்லை.

1990-களில் கூட்டணி ஆட்சிகள் வந்தன. மத்திய அரசே மாநிலக் கட்சிகளின் தயவில் நின்றது. மாநிலங்களவையில் ஆளுங்கட்சிக்குப் பெரும்பான்மை இல்லை. 1999 பிப்ரவரியில் பீகாரில் ராப்ரி தேவி ஆட்சியைக் கலைத்தார்கள். மக்களவை ஒப்புதல் கொடுத்தது, மாநிலங்களவையில் நிறைவேறாது என்று தெரிந்ததும் அடுத்த மாதமே பிரகடனத்தைத் திரும்பப் பெற்று அவரிடமே ஆட்சியை ஒப்படைத்தார்கள். அதற்கு முன்பு 1997-இல் உத்தரப் பிரதேசம் தொடர்பான பரிந்துரையையும், 1998-இல் பீகார் தொடர்பான பரிந்துரையையும் குடியரசுத் தலைவர் கே.ஆர். நாராயணன் மறுபரிசீலனைக்குத் திருப்பி அனுப்பினார். அவர் கையில் ஆயுதமாக பொம்மை தீர்ப்பு இருந்தது உண்மை. ஆனால் அந்த ஆயுதத்தை எடுக்கிற மனிதரும், அதைத் தாங்குகிற நாடாளுமன்ற எண்ணிக்கையும் அப்போது அமைந்தன. நாளைக்கு இரு அவைகளிலும் ஒரே கட்சிக்கு அசைக்க முடியாத பலம் வந்தால், தீர்ப்பு ஒன்றையே நம்பிக்கொண்டு நான் நிம்மதியாகத் தூங்கமாட்டேன்.

அக்கா, 2017-இல் 18 எம்.எல்.ஏ.க்களைத் தகுதி நீக்கம் செய்தார்கள். ஆனால் முதல்வருக்கு எதிராக வாக்களித்த 11 பேருக்கு ஒன்றும் ஆகவில்லை. ஒரே சட்டம்தானே? (சேலம்)

ஒரே சட்டம், ஒரே சபாநாயகர். இதை நீங்கள் கேட்டதில் எனக்கு ரொம்பத் திருப்தி. பலர் மறந்துவிட்டார்கள்.

2017 பிப்ரவரி 18, எடப்பாடி பழனிசாமி நம்பிக்கை கோரியபோது ஓ. பன்னீர்செல்வம் உட்பட 11 பேர் எதிர்த்து வாக்களித்தார்கள். ஆகஸ்டில் அ.தி.மு.க.வின் பழனிசாமி, பன்னீர்செல்வம் அணிகள் இணைந்தன. அதே ஆகஸ்டில் தினகரன் ஆதரவு எம்.எல்.ஏ.க்கள் முதல்வர் மேல் நம்பிக்கை இல்லை என்று ஆளுநரிடம் கடிதம் கொடுத்தார்கள். அவர்கள் பேரவையில் எதிர்த்து வாக்களிக்கவில்லை, கடிதம் மட்டும்தான். செப்டம்பர் 18 அன்று 18 பேரின் பதவி போனது. வாக்களித்தே காட்டிய 11 பேர் மேலான மனு சபாநாயகர் மேசையில் அப்படியே இருந்தது.

18 பேர் வழக்கில் 2018 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றத்தில் இரு நீதிபதிகள் மாறுபட்ட தீர்ப்புக் கொடுத்தார்கள். மூன்றாவது நீதிபதி அக்டோபர் 25 அன்று தகுதி நீக்கம் செல்லும் என்றார். இடைத்தேர்தல் 2019 ஏப்ரல், மே மாதங்களில். ஒன்றரை வருடத்துக்கும் மேலாக 18 தொகுதி மக்களுக்கு எம்.எல்.ஏ. இல்லை. குடிநீர், சாலை என்று மனுவைத் தூக்கிக்கொண்டு போனவர்கள் யாரிடம் கொடுத்திருப்பார்கள்? அந்தப் பக்கம், 11 பேர் வழக்கு 2020 பிப்ரவரி வரை நீண்டது. சபாநாயகர் நோட்டீஸ் அனுப்பிவிட்டார் என்று சொன்னதும் உச்ச நீதிமன்றம் வழக்கை முடித்துவைத்தது. 2021-இல் பேரவையின் காலமும் முடிந்தது.

1985-இல் பத்தாவது அட்டவணை, அதாவது கட்சித்தாவல் தடைச் சட்டம், வந்தபோது முடிவெடுக்கிற அதிகாரத்தைச் சபாநாயகரிடம் கொடுத்தார்கள், எத்தனை நாளுக்குள் என்று எழுதவில்லை. 1992-இல் கிஹோட்டோ ஹோலோஹான் வழக்கில் சபாநாயகர் தீர்ப்பாயம் போல, அவர் முடிவை நீதிமன்றம் பரிசீலிக்கலாம் என்றார்கள். முடிவே எடுக்காமல் உட்கார்ந்திருந்தால்? 2020 ஜனவரியில், மணிப்பூர் வழக்கில், சாதாரணமாக மூன்று மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். தனித் தீர்ப்பாயம் அமைக்கலாமே என்று நாடாளுமன்றத்துக்கு யோசனையும் சொன்னது. அந்த யோசனை இன்னும் யோசனையாகவே இருக்கிறது. சபாநாயகர் ஆளுங்கட்சியின் தயவில் இருக்கிறவர். அவரிடம் இந்த வேலையைக் கொடுத்தது அடிப்படையிலேயே தவறு என்பது என் உறுதியான கருத்து.

மகாராஷ்டிராவில் ஆளுநர் செய்தது தவறு என்றும் சொல்லிவிட்டு, உத்தவ் தாக்கரேவுக்கு ஆட்சியைத் தர முடியாது என்றும் சொன்னார்கள். இது என்ன தீர்ப்பு? (பெங்களூரு)

கோபம் புரிகிறது. 2022 ஜூன் 30 அன்று நம்பிக்கை வாக்கெடுப்பு என்று ஆளுநர் உத்தரவிட்டார். முந்தைய நாள் இரவு உச்ச நீதிமன்றம் தடை தர மறுத்தது. அன்றிரவே முதல்வர் தாக்கரே ராஜினாமா செய்தார். 2023 மே 11-இல் ஐந்து நீதிபதிகள் சொன்னது: ஆளுநர் வாக்கெடுப்புக்கு உத்தரவிட்டது சரியல்ல, ஆனால் வாக்கெடுப்பைச் சந்திக்காமல் தானாகவே விலகியவரை மறுபடி நியமிக்க முடியாது. சட்டப்படி இதில் ஓட்டை இல்லை. ராஜினாமாவை ரத்துசெய்ய நீதிமன்றத்துக்கு வழி இல்லை. என் வழக்கின் கட்சிக்காரராக அவர் அன்றிரவு போன் செய்திருந்தால், "பேரவைக்குப் போங்கள், தோற்றாலும் தோற்றுவிட்டு வாருங்கள்" என்றுதான் சொல்லியிருப்பேன்.

இதற்கு நேரெதிர், 2018 கர்நாடகம். எடியூரப்பாவுக்குப் பெரும்பான்மையை நிரூபிக்க ஆளுநர் 15 நாள் கொடுத்தார். நள்ளிரவு தாண்டி உச்ச நீதிமன்றம் கூடியது. பதவியேற்பைத் தடுக்கவில்லை. ஆனால் மே 18 அன்று, நாளை மாலை 4 மணிக்கு வாக்கெடுப்பு என்று உத்தரவு போட்டது. பதினைந்து நாள் ஒரு நாளாகச் சுருங்கியது, வாக்கெடுப்புக்கு முன்பே அவர் விலகினார். 2019-இல் மகாராஷ்டிராவில் ஃபட்னவிஸ் அதிகாலையில் பதவியேற்றபோதும் இதே வைத்தியம்தான். மறுநாளே வாக்கெடுப்பு என்றதும் விலகிவிட்டார். இந்த இரண்டு உத்தரவுகளிலும் பெரிய சட்டத் தத்துவம் எதுவும் இல்லை. நேரத்தோடு வந்தன, அவ்வளவுதான். எம்.எல்.ஏ.க்களை விடுதியில் அடைத்துப் பேரம் பேச அவகாசம் இல்லாமல் போனது.

ஆட்சியையே திருப்பிக் கொடுத்த சம்பவமும் உண்டு. 2016 ஜூலை 13, அருணாசலப் பிரதேசம், நபம் ரெபியா வழக்கு. பதவியிழந்திருந்த நபம் துக்கி மீண்டும் முதல்வரானார். நான்கே நாளில் பெமா காண்டு அந்த நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார், ஏனென்றால் எம்.எல்.ஏ.க்கள் துக்கியோடு இல்லை. நீதிமன்றம் பதவியைத் தரும், பெரும்பான்மையைத் தர முடியாது.

மசோதாவுக்கு ஆளுநர் இத்தனை நாளுக்குள் ஒப்புதல் தர வேண்டும் என்று நீதிபதிகள் எப்படிச் சொல்லலாம்? அவர்களை யார் தேர்ந்தெடுத்தது? (கோவை)

நியாயமான கேள்வி. ஆளுநரிடம் கிடந்த தமிழ்நாட்டின் பத்து மசோதாக்களில் 2020-ஆம் ஆண்டுப் பல்கலைக்கழகத் திருத்தங்களும் உண்டு. 2023 நவம்பர் 13 அன்று ஆளுநர் ஆர்.என். ரவி பத்துக்கும் ஒப்புதலை நிறுத்திவைத்தார். 18 அன்று சிறப்புக் கூட்டத்தில் பேரவை அவற்றை மறுபடி நிறைவேற்றியது. 28 அன்று ஆளுநர் அவற்றைக் குடியரசுத் தலைவரின் முடிவுக்கு ஒதுக்கிவிட்டார். மசோதா வந்தால் ஆளுநர் என்ன செய்யலாம் என்று சொல்கிற 200-வது பிரிவில், திருப்பி அனுப்புவது பற்றிப் பேசும்போது "இயன்ற விரைவில்" என்று இருக்கிறது. மறுபடி நிறைவேறி வந்தால் ஒப்புதலை நிறுத்தக் கூடாது என்றும் இருக்கிறது.

2025 ஏப்ரல் 8-இல் இரு நீதிபதிகள் அமர்வு, முழு நீதி வழங்கத் தேவையான உத்தரவைப் போட உச்ச நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிற 142-வது பிரிவைப் பயன்படுத்தி, பத்தும் ஒப்புதல் பெற்றதாகவே கருதப்படும் என்றது, ஒரு மாதம், மூன்று மாதம் என்று கெடுவும் வைத்தது. குடியரசுத் தலைவர் 14 கேள்விகளை அனுப்பிக் கருத்துக் கேட்டார். நவம்பர் 20 அன்று ஐந்து நீதிபதிகள், கெடு விதிக்க முடியாது, ஒப்புதல் தந்ததாகக் கருதுவதற்கும் இடமில்லை என்றார்கள். ஆனால் பேரவைக்குத் திருப்பி அனுப்பாமல் சும்மா நிறுத்திவைக்கவும் முடியாது, காரணமில்லாமல் இழுத்தடித்தால் ஒரு முடிவெடுங்கள் என்று நீதிமன்றம் உத்தரவிடலாம் என்றார்கள்.

நீங்கள் சொல்வதில் ஒரு பகுதியை நானும் ஏற்கிறேன். சாசனத்தில் இல்லாத தேதியை நீதிபதிகள் எழுதிச் சேர்ப்பதைவிட, நாடாளுமன்றம் திருத்தம் கொண்டுவந்து எழுதுவதுதான் முறை. ஆனால் உங்கள் கேள்வியை ஆளுநருக்கும் கேளுங்கள். அவரையும் யாரும் தேர்ந்தெடுக்கவில்லை. அந்தப் பத்து மசோதாக்களை நிறைவேற்றியவர்கள் மட்டும்தான் ஓட்டு வாங்கி வந்தவர்கள்.

ஆளுநரை மாநில அரசு நீக்க முடியுமா?

முடியாது. குடியரசுத் தலைவர் விரும்பும்வரை அவர் பதவியில் இருப்பார். தன் கொள்கையோடு ஒத்துப்போகவில்லை என்பதற்காக மத்திய அரசு நீக்கக் கூடாது என்று 2010-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

சட்டக் கல்லூரி முதல் வருடம் அக்கா. பொம்மை தீர்ப்பைத் திறந்தால் தலை சுற்றுகிறது. எங்கே தொடங்குவது?

ஆறு தனித்தனித் தீர்ப்புரைகள் இருக்கின்றன, வரிசையாகப் படித்தால் குழம்பிப்போவாய். முதலில் நீதிபதி சாவந்த் எழுதியதில் கர்நாடகம் பற்றிய பகுதியை மட்டும் படி, 19 கடிதங்களின் கதை அங்கே தேதி வாரியாக இருக்கும். அடுத்து ஜீவன் ரெட்டி எழுதியது. அப்புறம் வர்மா. நீதிமன்றம் எதுவரை தலையிடலாம் என்பதில் அவர் குறுகலாக நிற்கிறார், மற்ற இருவரோடு எங்கே முட்டுகிறார் என்று ஓரத்தில் குறித்துக்கொண்டே போ. மிச்சத்தைப் பரீட்சைக்கு அப்புறம் படித்துக்கொள்ளலாம்.