ஐஸ் டான்ஸில் இருந்து வந்தவர், தாவுகிறவர்களுக்கு எப்படி நடனம் அமைக்கிறார்?

மகள் பெங்களூரில் ரோலர் ஸ்கேட்டிங் கற்கிறாள், மல்லேஸ்வரத்தில் பரதமும் கற்கிறாள் என்று சொல்லிவிட்டு, பெரிய தாவல்களே இல்லாத ஐஸ் டான்ஸில் (பனித்தளத்தில் ஜோடியாக ஸ்கேட் செய்து ஆடும் போட்டி) இருந்து வந்தவர்கள் தாவும் வீரர்களுக்கு எப்படி நடனம் அமைக்கிறார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். தாவல் இல்லாததுதான் அவர்களுடைய பலமே! பிளேடின் விளிம்பு, காலடி, இசையோடு உடம்பு போகிற விதம், இதிலேயே ஊறி வளர்ந்தவர்கள் அவர்கள்.

கனடாவின் ஷே-லின் போர்னைப் பாருங்கள். விக்டர் கிராட்ஸுடன் 2003-ல் உலகச் சாம்பியன், அப்புறம் நடன அமைப்பாளர். 2018 ஒலிம்பிக்கில் ஜப்பான் வீரர் யுசுரு ஹான்யு தங்கம் வென்ற 'செய்மெய்' ஃப்ரீ ஸ்கேட் (ஒற்றையர் போட்டியின் நீண்ட சுற்று) இவர் அமைத்ததுதான்.

2018-19 பருவத்தில் வந்த விதிப்படி ஃப்ரீ ஸ்கேட் சுமார் 4 நிமிடம், அதில் 7 தாவல்கள் வரை. இரண்டாம் பாதியில் வரும் கடைசி 3 தாவல்களுக்கு அடிப்படை மதிப்பெண்ணில் 10 சதவீதம் கூடுதல் என்பதால் கால் ஓய்ந்த பிறகுதான் கடினமானவற்றைச் செய்ய வேண்டியிருக்கும். அதற்கு முன் மூச்சு வாங்க இடம் வேண்டும், அது ஓய்வு என்று பார்ப்பவருக்குத் தெரியவும் கூடாது. நல்ல அமைப்பாளரின் கெட்டிக்காரத்தனம் முழுக்க அந்த இடத்தில்தான் இருக்கிறது என்பேன்.

காலடியும் இசையோடு உடம்பு போகிற விதமும் உங்கள் மகளுக்கு அங்கேயும் வரும், அதனால் பரத வகுப்பை மட்டும் தயவுசெய்து நிறுத்திவிடாதீர்கள்.