கொல்லிமலை பஸ்ஸில் வாந்தி எடுப்பவள் விண்வெளிக்குப் போக முடியுமா?

கேள்வி: என் மகள் பத்தாம் வகுப்பு படிக்கிறாள். விண்வெளி வீராங்கனை ஆக வேண்டும் என்று சிறு வயதிலிருந்தே சொல்லிக்கொண்டிருக்கிறாள். ஆனால் கொல்லிமலை பஸ்ஸில் ஏறினால் பத்து வளைவு தாண்டுவதற்குள் வாந்தி எடுத்துவிடுகிறாள். பள்ளிக்கு வந்த ஒரு தனியார் பயிற்சி நிறுவனத்தார், 'இப்படிப்பட்டவர்களை முதல் சுற்றிலேயே கழித்துவிடுவார்கள். எங்கள் விண்வெளி உடற்தகுதி முகாமில் சேருங்கள், சரிசெய்து சான்றிதழ் தருகிறோம்' என்கிறார்கள். கட்டணம் 48,000 ரூபாய். விண்வெளிக்குப் போனால் எலும்பு தேயும், கண் கெடும் என்று உறவினர்கள் வேறு பயமுறுத்துகிறார்கள். என்ன செய்வது?
– ஒரு வாசகி, நாமக்கல்

பதில்: முதலில், பணத்தைக் கட்டாதீர்கள். காரணத்தைப் பிறகு சொல்கிறேன்.

பஸ்ஸில் வாந்தி எடுப்பவருக்கு விண்வெளியிலும் வாந்தி வரும் என்றோ, பஸ்ஸில் அசையாமல் உட்கார்ந்திருப்பவருக்கு அங்கே வராது என்றோ கணிக்க முடியாது. விண்வெளிக்குப் போகிறவர்களில் பாதிப் பேருக்கு மேல் முதல் இரண்டு மூன்று நாட்கள் குமட்டலும் தலைசுற்றலும் இருக்கின்றன. 1961இல் ஒரு நாள் முழுவதும் பூமியைச் சுற்றிய சோவியத் வீரர் கெர்மான் தீத்தவுக்குத்தான் இது முதலில் வந்தது. 1968இல் நிலவுக்குப் போன அப்பல்லோ 8 கலத்தின் தளபதி ஃபிராங்க் போர்மன் வழியிலேயே வாந்தி எடுத்தார். மறு வருடம் அப்பல்லோ 9இல் ரஸ்டி ஷ்வைகார்ட்டுக்கு வந்த வாந்தியால் அவருடைய விண்வெளி நடையையே சுருக்க வேண்டியதாயிற்று. தலைக்கவசத்துக்குள் வாந்தி எடுத்தால் அது மூக்கையும் வாயையும் அடைத்து உயிருக்கே ஆபத்தாகிவிடும். மூவருமே போர் விமானம் ஓட்டிப் பழகியவர்கள். வானத்தில் குட்டிக்கரணம் போட்டபோது வராத வாந்தி, விண்வெளியில் உடம்பு எடையற்றுப் போனதும் வந்துவிட்டது. நம்முடைய விண்வெளி வீரர் சுபான்ஷு சுக்லாவும் 2025 ஜூனில் சர்வதேச விண்வெளி நிலையத்துக்குப் போய்ச் சேர்ந்தவுடன், தொடக்கத்தில் உடம்பு அவ்வளவு நன்றாக இல்லை, நிறையத் தூங்கினேன் என்று நேரலையிலேயே சொன்னார். அப்புறம் பதினெட்டு நாள் நிலையத்தில் தங்கி வேலை பார்த்துவிட்டுத்தான் திரும்பினார்.

காரணம் உட்காதில் இருக்கிறது. தலை எந்தப் பக்கம் திரும்புகிறது என்பதை அங்குள்ள மூன்று அரைவட்டக் குழாய்கள் சொல்லும். எது மேல், எது கீழ் என்பதை நுண்ணிய சுண்ணாம்புத் துகள்கள் தம் எடையால் சொல்லும். மலைப் பாதையில் காது 'திரும்புகிறோம்' என்கிறது; முன் சீட்டின் முதுகையோ கைப்பேசியையோ பார்த்துக்கொண்டிருக்கும் கண் 'அசையவே இல்லை' என்கிறது. இந்த முரண்பாடுதான் வாந்தி. ஓட்டுநருக்கு வராததற்குக் காரணம், வரப்போகும் வளைவு அவருக்கு முன்பே தெரியும் என்பதுதான். விண்வெளியிலோ துகள்களுக்கு எடையே இல்லை, ஆகவே மேல் கீழ் என்ற செய்தியே நின்றுபோகிறது. அதாவது, அங்கே நடக்கும் குழப்பம் வேறு. கொல்லிமலையின் எழுபது கொண்டை ஊசி வளைவுகள் அதற்கு நுழைவுத் தேர்வு அல்ல.

இப்போது அந்த முகாமுக்கு வருகிறேன். ஒன்றுக்குள் ஒன்றாக மூன்று இரும்பு வளையம் வைத்த சாதனத்தில் பிள்ளையைக் கட்டிச் சுழற்றிக் காட்டுவார்கள். பிள்ளை சிரித்துக்கொண்டே இறங்கும், பெற்றோரும் அசந்துபோவார்கள். அந்தச் சாதனத்தில் வயிறு ஏறக்குறைய நடு மையத்திலேயே நிற்கிறது, சுழற்சியும் ஒரே திசையில் நீடிப்பதில்லை. அதனால் பலருக்கும் குமட்டுவதில்லை. அதில் தேறியதற்கு மருத்துவ ரீதியாக எந்த அர்த்தமும் கிடையாது. விமானப்படைகளில் குமட்டலால் அவதிப்படும் பயிற்சி விமானிகளைச் சுழல் நாற்காலியில் உட்காரவைத்து, தலையைச் சாய்க்கச் சொல்லிப் படிப்படியாகப் பழக்குவது உண்டு. அது மருத்துவர் மேற்பார்வையில், நாள்தோறும், வாரக்கணக்கில் நடப்பது. சனி ஞாயிறு முகாமில் கிடைக்கும் சரக்கு அல்ல.

சான்றிதழைப் பற்றிக் கேட்டால் எனக்குக் கோபம் வருகிறது. இந்தியர்களை நம் சொந்த விண்கலத்தில் அனுப்பும் ககன்யான் திட்டத்துக்காக 2024 பிப்ரவரியில் அறிவிக்கப்பட்ட நால்வரும் விமானப்படையின் சோதனை விமானிகள். அவர்களில் அஜித் கிருஷ்ணன் சென்னையில் பிறந்தவர். அவர்களின் உடற்தகுதியைப் பெங்களூரில் உள்ள விமானப்படையின் விண்வெளி மருத்துவ நிறுவனம் பார்த்தது. தனியார் முகாமின் காகிதத்தை அங்கே யாரும் கேட்கமாட்டார்கள், காட்டினாலும் வாங்கிப் பார்க்கமாட்டார்கள். இந்த ஆட்களைப் பள்ளிக்குள் விட்டது யார்? தலைமையாசிரியரா, பெற்றோர் ஆசிரியர் கழகமா? இத்தனை கோடி ரூபாய் செலவில் விண்கலம் செய்கிற நாட்டில், ஒரு பத்தாம் வகுப்புப் பெண்ணின் கேள்விக்கு எளிய தமிழில் பதில் சொல்ல ஓர் அதிகாரி கிடைப்பதில்லை. அந்தக் காலி இடத்தில்தான் தரகர் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொள்கிறார்.

மகளுக்கு உண்மையிலேயே உதவ வேண்டுமானால், பதினொன்றாம் வகுப்பில் இயற்பியல், வேதியியல், கணிதம் உள்ள பிரிவில் சேருங்கள். பிளஸ் டூ முடிக்கிற நேரத்தில் விமானப்படை உள்ளிட்ட முப்படைகளுக்கும் அதிகாரிகளை உருவாக்கும் தேசியப் பாதுகாப்பு அகாதெமியின் தேர்வை எழுதலாம். அகாதெமியில் 2022 முதல் பெண்களும் சேர்ந்து படிக்கிறார்கள்.

அடுத்த பொறி மருந்துக் கடை. 'பஸ்ஸில் வாந்தி' என்றவுடன் ஒன்டான்செட்ரான் மாத்திரையை எடுத்துக் கொடுத்துவிடுகிறார்கள். அது புற்றுநோய் மருந்தால் வரும் வாந்திக்கும் வயிற்றுப்போக்கோடு வரும் வாந்திக்கும் நல்ல மருந்து. பயண வாந்திக்கு உதவாது. கடைக்காரருக்கு இது தெரியாதா, தெரிந்தும் விற்கிறாரா என்பது எனக்கு இன்றுவரை புரியவில்லை. பயண வாந்திக்கு உரியது புரோமெத்தசின் வகை. அதையும் பஸ் ஏறிய பிறகு விழுங்கிப் பயனில்லை. ஒன்றிரண்டு மணி நேரம் முன்பே உள்ளே போயிருக்க வேண்டும். தூக்கம் வரும். அளவை மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். விண்வெளி வீரர்களுக்கும் இதே மருந்துதான். அங்கே வயிறு மந்தமாகிவிடுவதால் ஊசியாகப் போடுகிறார்கள். பஸ்ஸில் முன் வரிசையில் உட்கார்ந்து தூரத்து வளைவைப் பார்க்கச் சொல்லுங்கள். கைப்பேசி பைக்குள் இருக்கட்டும். இரண்டு இட்லி போதும், வெறும் வயிறும் கூடாது.

ஒரே ஒரு விஷயத்தில் மட்டும் அலட்சியம் வேண்டாம்: ஒற்றைத் தலைவலி. பயண வாந்தி உள்ள பிள்ளைகளில் கணிசமானவர்களுக்குப் பின்னாளில் ஒற்றைத் தலைவலி வருகிறது. அதிலும் அம்மாவுக்கோ அப்பாவுக்கோ இருந்தால் வாய்ப்பு அதிகம். உங்கள் மகளுக்கு வீட்டில் சும்மா இருக்கும்போதே தலைசுற்றுகிறதா? மாதவிடாய் நாட்களை ஒட்டித் தலைவலி வருகிறதா? வெளிச்சமும் சத்தமும் பொறுக்காமல் இருட்டறையில் போய்ப் படுத்துக்கொள்கிறாளா? தலைவலிக்கு முன் கண்ணெதிரே கோடு கோடாக மின்னுகிறதா? இவற்றில் ஒன்று இருந்தாலும் நரம்பியல் மருத்துவரைப் பாருங்கள். விமானி ஆவதற்கு நிஜமான தடையாக நிற்கக்கூடியது இதுதான்; பஸ் வாந்தி அல்ல. எப்போது வந்தது, என்ன சாப்பிட்டாள், எவ்வளவு தூங்கினாள் என்று ஒரு நோட்டில் குறித்துவையுங்கள். மருத்துவர் முன் உட்கார்ந்து 'அடிக்கடி வரும் டாக்டர்' என்று மட்டும் சொன்னால் அவரால் எதையும் பிடிக்க முடியாது. இதை எத்தனை பேருக்குச் சொன்னாலும் நோட்டோடு வருகிறவர்கள் அபூர்வம்.

எலும்பும் கண்ணும்: மாதக்கணக்கில் மேலே இருந்தால் இடுப்பு எலும்பு மாதத்துக்கு ஏறக்குறைய ஒரு சதவீதம் அடர்த்தி இழக்கிறது என்பது உண்மை. அதனால்தான் தினமும் இரண்டு மணி நேரம் அவர்களை உடற்பயிற்சி செய்ய வைக்கிறார்கள். நீர் தலைப்பக்கம் ஏறுவதால் முகம் உப்புகிறது. நீண்ட நாள் தங்கிய சிலருக்குப் பார்வையும் மாறுகிறது. ஆண், பெண் இரு பாலருக்கும் இது உண்டு. பதினைந்து வயதில் இதற்குக் கவலைப்பட வேண்டாம் என்று உறவினர்களிடம் சொல்லுங்கள்.

முன்பணம் ஏதும் கட்டிவிட்டீர்களா என்று நீங்கள் எழுதவில்லை. கட்டியிருந்தால் ரசீதையும் அவர்களுடைய விளம்பரத் துண்டறிக்கையையும் பத்திரமாக வைத்துக்கொண்டு, எழுத்து மூலம் பணத்தைத் திருப்பிக் கேளுங்கள். இழுத்தடித்தால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915, தமிழிலும் பேசலாம். தலைமையாசிரியருக்கும் ஒரு கடிதம் எழுதி, அதற்கு ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள்.